எடை எழுதாத கடிதம்

பிப்ரவரி 9

அன்புள்ள அக்காவுக்கு,

நலம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன். கை அந்த வார்த்தைப் பக்கம் போகமாட்டேன் என்கிறது. நீயாவது சௌக்கியமாக இருக்கிறாய் என்று நினைத்துக்கொள்கிறேன்.

குழந்தை பிறந்துவிட்டது. பெண். ஏப்ரல் நடுவில் வர வேண்டியவள் முந்தாநாளே வந்துவிட்டாள். அன்று காலையில் என் வீட்டுக்காரிக்குத் தலைவலி. கண் முன்னால் பூச்சி பறக்கிறது என்றாள். தட்டச்சுப் பள்ளிக்கு லீவு சொல்லிவிட்டுப் படுத்துக்கொள் என்று சொல்லிவிட்டு நான் பாட்டுக்கு வேலைக்குப் போய்விட்டேன். பத்தரை மணிக்கு ஒரு ஏழு மாடிக் கட்டடத்தில் லிஃப்ட் குழிக்குள் இறங்கி நின்றுகொண்டிருந்தேன். மேலேயிருந்து ஃபோர்மேன் கத்தினார்.

"டேய், எல்லாத்தையும் போட்டுட்டு மேல வா! உன் வீட்டுக்காரிக்கு வலிப்பு வந்துடுச்சாம்!"

ஆஸ்பத்திரிக்கு நான் போய்ச் சேர்வதற்குள் வயிற்றைக் கிழித்துக் குழந்தையை எடுத்துவிட்டார்கள். ரத்த அழுத்தம் எகிறிவிட்டதாம். இன்னும் ஒரு மணி நேரம் தாமதித்திருந்தால் இரண்டு பேருமே இல்லை என்றார்கள். இவள் கண்ணைத் திறக்கிறாள், என்னைப் பார்க்கிறாள், ஆனால் அடையாளம் தெரிந்த மாதிரி இல்லை. இடது கையும் காலும் அசையவில்லை.

குழந்தை வேறு மாடியில் கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கிறது. 1180 கிராம். என் பெட்டியில் இருக்கும் பெரிய ஸ்பானர் இதைவிடக் கனம், அக்கா. மூக்கு வழியாக ஒரு மெல்லிய குழாய் வயிற்றுக்குப் போகிறது. அதில் இரண்டு மணிக்கொரு தடவை இரண்டு மில்லி பால். அவ்வளவுதான் அதன் சாப்பாடு. டாக்டரிடம் பிழைக்குமா என்று கேட்டேன். "இன்னிக்கு நல்லா இருக்கு. நாளைக்கு எப்படின்னு நாளைக்குச் சொல்றேன்" என்றார்.

நமக்கு வேறு யார் இருக்கிறார்கள்? ஒரு வாரம் வந்துவிட்டுப் போ. நீ வந்தால் எனக்குக் கால் தரையில் பாவும்.

உன் வழியைப் பார்த்துக்கொண்டிருக்கும்,
தம்பி

*

பிப்ரவரி 17

அன்புத் தம்பிக்கு,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை ஜீப்பில் வந்தது. மூன்று தடவை படித்தேன். எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. முழங்கால் வலி மட்டும் எப்போதும் போல.

வர முடியாத நிலைமை. அணையில் தண்ணீர் பாதிக்குக் கீழே இறங்கிவிட்டது. பாசி படர்கிறது. தினமும் நாலு இடத்தில் தண்ணீர் எடுத்துச் சோதித்துக் கணக்கு அனுப்ப வேண்டும். லாபில் என்னோடு இருப்பவர் லீவில் போயிருக்கிறார். மரம் விழுந்து டெலிபோன் கம்பி அறுந்து பத்து நாளாகிறது. வாரத்துக்கு இரண்டு தடவை வரும் ஜீப்தான் எங்களுக்கும் உலகத்துக்கும் நடுவில் இருக்கும் ஒரே கயிறு.

நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா? அவளுக்குக் கால் விரல்களாவது அசைகிறதா? வலது பக்கம் நன்றாக இருக்கிறதா? பேச்சு வந்ததும் எழுது. வார்டுக்குள் போகும்போது முழங்கை வரை சோப்புப் போட்டுக் கழுவு. கிரீஸ் பட்ட சட்டையோடு போகாதே, காலரை முதலில் தேய்த்துத் துவை. பழைய பருத்தித் துணியைக் கொதிக்க வைத்து, காயவைத்து, சதுரம் சதுரமாக வெட்டி அனுப்பியிருக்கிறேன். உதவும்.

தைரியமாக இரு என்று சொல்ல மாட்டேன். இருக்கிற வேலையை ஒவ்வொன்றாகச் செய்.

அன்புடன்,
அக்கா

*

பிப்ரவரி 28

அக்காவுக்கு,

துணிப் பொட்டலம் கிடைத்தது. இவளுக்கு நினைவு திரும்பிவிட்டது. முதலில் கேட்டது குழந்தையை. இரண்டாவது, "நீ ஏன் இப்படி ஒட்டடைக்குச்சி மாதிரி ஆயிட்டே?" ஆகவே மூளை பழையபடிதான் இருக்கிறது. இடது கால் மட்டும் இன்னும் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. கையில் பிடிப்பு கொஞ்சம் வந்திருக்கிறது.

உன் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். என் சாப்பாட்டை விசாரித்திருக்கிறாய், இவள் கால் விரலை விசாரித்திருக்கிறாய், என் சட்டைக் காலரைக்கூட விட்டுவைக்கவில்லை. குழந்தையைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. நீ கேட்காவிட்டாலும் நான் எழுதுவேன். எடை முதலில் 1090க்கு இறங்கியது. டாக்டர் எல்லாக் குழந்தைக்கும் இறங்கும் என்றார். அந்த ஐந்து நாள் நான் எப்படி இருந்தேன் என்று எனக்கே தெரியாது. இப்போது 1230.

பயம் என்றால் என்ன என்று எனக்குத் தெரியும் என்று நினைத்திருந்தேன். பதினான்காவது மாடியில் லிஃப்ட் கேபிள் பிசிறுவிட்டதைக் கண்ணால் பார்த்தவன் நான். அதெல்லாம் ஒன்றுமே இல்லை. இந்தக் குழந்தை தூங்கும்போது மூச்சு விட மறந்துவிடுகிறது, அக்கா. நெஞ்சு ஏறி இறங்கும், ஏறி இறங்கும், அப்புறம் நின்றுவிடும். பெட்டியில் பொருத்திய மணி அடிக்கும். முதல் தடவை நான் சுவரோடு ஒட்டிக்கொண்டு கத்தினேன். அந்த வார்டைக் கட்டி ஆள்கிற பெரிய சிஸ்டர் ஓடக்கூட இல்லை. நடந்து வந்து, பெட்டிக்குள் கையை விட்டு, உள்ளங்காலில் விரலால் ஒரு சுண்டு சுண்டினார். நெஞ்சு மறுபடி ஏறியது.

"பயந்துட்டீங்களா? மாசம் முடியாம வந்ததுங்க இப்படித்தான். மூளைக்கு இன்னும் பழக்கம் வரலை, மூச்சு விட மறந்துடும். நாமதான் ஞாபகப்படுத்தணும். என்னடி சுண்டெலி, மறந்துட்டியா?"

அதிலிருந்து அதற்குப் பெயர் சுண்டெலிதான்.

நேற்று அவர் என்னைப் பார்த்து, "சட்டையைக் கழட்டுங்க" என்றார்.

"எதுக்கு சிஸ்டர்?"

"பின்னே, உங்களுக்கு ஊசி போடவா? அம்மா எழுந்து வர முடியாது. அப்பா நெஞ்சுதான் இன்னிக்கு மெத்தை."

என் வெறும் மார்பில் குழந்தையை நிமிர்த்தி வைத்து மேலே துணியால் கட்டினார்கள். அது ஒரு மணி நேரம் தூங்கியது. மணி ஒரு தடவைகூட அடிக்கவில்லை. நான் மட்டும் அந்த ஒரு மணி நேரமும் அதன் மூச்சை எண்ணிக்கொண்டிருந்தேன்.

நீ எப்போது வருகிறாய்?

தம்பி

*

மார்ச் 8

அன்புத் தம்பிக்கு,

இங்கு சௌக்கியம். அவளுக்கு நினைவு திரும்பியதைப் படித்ததும் கடிதத்தை மடித்து வைத்துவிட்டு வெளியே போய்க் கொஞ்ச நேரம் நின்றேன்.

நீ கேட்டது நியாயம்தான். எனக்குக் கேட்கத் தெரியவில்லை என்று வைத்துக்கொள். ஒன்று செய். இனிமேல் எந்தக் கடிதம் எழுதினாலும் அதில் எடையை எழுது. வேறு எதை எழுதினாலும் எழுதாவிட்டாலும் சரி. இருபது வருஷமாக எண்களோடு குடித்தனம் நடத்துகிறவள் நான். எண்ணைப் பார்த்தால் எனக்கு விஷயம் புரிந்துவிடும்.

பாசி குறையவில்லை. மாற்று ஆளும் வரவில்லை.

அக்கா

*

மார்ச் 27

அக்காவுக்கு,

1640. முதல் வரியிலேயே எழுதிவிட்டேன், சந்தோஷமா?

இவளை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஊன்றுகோல் வைத்து நாலு அடி நடக்கிறாள். உட்கார்ந்தபடி பால் எடுத்துப் பாட்டிலில் தருகிறாள், நான் அதை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறேன். பஸ்ஸில் அந்தப் பாட்டிலை நான் பிடித்திருக்கும் பிடியைப் பார்த்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர், "உள்ள என்ன, வெடிமருந்தா?" என்று கேட்டார். இவளையும் வாரம் இரண்டு தடவை டாக்ஸியில் கூட்டிப்போகிறேன்.

இப்போது குழாயை எடுத்துவிட்டு வாயால் குடிக்கப் பழக்குகிறார்கள். நீயும் நானும் யோசிக்காமல் செய்கிற காரியம் அது. உறிஞ்ச வேண்டும், விழுங்க வேண்டும், நடுவில் மூச்சு விட வேண்டும். சுண்டெலிக்கு மூன்றையும் கோர்க்கத் தெரியவில்லை. உறிஞ்ச ஆரம்பித்தால் உறிஞ்சிக்கொண்டே போகிறது, மூச்சை மறந்துவிடுகிறது. முந்தாநாள் என் கையில் இருந்தபோது வாயைச் சுற்றி நீலமாகிவிட்டது. நான் பாட்டிலை விட்டெறிந்துவிட்டேன். பெரிய சிஸ்டர் என் கையைப் பிடித்து மறுபடி உட்கார வைத்தார்.

"எங்க ஓடறீங்க? வீட்டுக்குப் போனா நீங்கதானே குடுக்கணும்? ஒருக்களிச்சுப் பிடிங்க. நாலு மடக்கு எண்ணுங்க. பாட்டிலைத் தாழ்த்துங்க. அவ மூச்சு விடட்டும். அப்புறம் அடுத்த நாலு. அவசரம் உங்களுக்குத்தான், அவளுக்கு இல்லை."

நாற்பது மில்லி குடிக்க நாற்பது நிமிஷம். முடிவதற்குள் களைத்துப்போய்த் தூங்கிவிடுகிறது. தூங்கினால் பால் மிச்சம். மிச்சமானால் எடை ஏறாது. எழுப்பினால் பாவமாக இருக்கிறது. தூங்கினாலும் பயம், குடித்தாலும் பயம். இந்த இரண்டைத் தவிர அதற்கு வேறு தொழிலும் இல்லை!

இன்னும் பத்துப் பன்னிரண்டு நாளில் வீட்டுக்கு அனுப்பிவிடலாம் என்கிறார்கள். நீ வரப்போவதில்லை என்று எனக்கே தெரிந்துவிட்டது. அதனால் கேட்கவில்லை.

தம்பி

*

ஏப்ரல் 14

அக்காவுக்கு,

வீட்டுக்கு வந்து எட்டு நாள். 2080. நீ நலமாக இருக்க வேண்டும். நாங்களும் இருக்க முயற்சி செய்துகொண்டிருக்கிறோம்.

ஆஸ்பத்திரியில் மணி அடிக்கும், யாராவது வருவார்கள். இங்கே மணி நான்தான். மூன்று மணிக்கொரு தடவை பால். பசித்தால் தானே அழும் என்று நினைக்காதே, இது அழாது. தூங்கிக்கொண்டே இருக்கும். துணியை அவிழ்த்து, ஈரப் பஞ்சால் காலைத் துடைத்து எழுப்ப வேண்டும். குடித்து முடித்ததும் தொட்டிலில் போட்டால் மட்டும் அழுகை எங்கிருந்துதான் வருமோ! இரண்டு மாதம் வெளிச்சத்திலும் சத்தத்திலும் வளர்ந்தது, இந்த வீட்டின் அமைதி அதற்குப் புதிது போல.

என் நெஞ்சில் போட்டால் தூங்கிவிடுகிறது. அது போதும் எனக்கு. லீவு முடிந்துவிட்டது. காலையில் வேலை, மதியம் வீடு. ஃபோர்மேன் பெரிய மனசு பண்ணி அரை நாளாக்கித் தந்திருக்கிறார். நேற்று என் கழுத்தைப் பார்த்து, "என்னடா, கழுத்துல ரூபாய்க் காசு மாதிரி வட்டமா அச்சு?" என்று கேட்டார். சோபா மெத்தையின் பொத்தான் பதிந்த தடம். சிரிப்பாகத்தான் இருக்கிறது. கடைசியாக எப்போது கட்டிலில் படுத்தேன் என்று ஞாபகம் இல்லை.

இவள் உனக்கு வணக்கம் சொல்லச் சொன்னாள்.

தம்பி

*

ஏப்ரல் 20

தம்பி,

டெலிபோன் இன்னும் சரியாகவில்லை, இன்றைக்கே ஜீப் கிளம்புகிறது. டிரைவரை நிறுத்தி வைத்துவிட்டு எழுதுகிறேன்.

குழந்தையை நெஞ்சில் போட்டுக்கொண்டு சோபாவில் தூங்காதே. உட்கார்ந்தபடியும் கூடாது, சாய்ந்தபடியும் கூடாது. குடித்ததும் ஏப்பம் வந்த பிறகு அதைத் தனியாக, மட்டமான கெட்டி மெத்தையில், மல்லாக்கப் படுக்க வை. தலையணை, பஞ்சுப்பொதி, கம்பளி ஒன்றும் பக்கத்தில் இருக்கக் கூடாது. அழுதால் அழட்டும். உனக்குக் கண் சொக்குகிற மாதிரி இருந்தால் குழந்தையைக் கீழே வைத்துவிட்டு அப்புறம் தூங்கு. நான் சொல்வதைக் கேள்.

குழந்தை எங்கே தூங்குகிறது என்று உடனே பதில் எழுது.

அக்கா

*

மே 2

அக்காவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. இங்கு எல்லோரும் நலம். குழந்தை தொட்டிலில் தூங்குகிறது. கவலைப்பட வேண்டாம்.

மூன்று மாதமாக வராத நீ, ஜீப்பை நிறுத்தி வைத்துக் கட்டளை எழுதுகிறாய். எனக்கும் குழந்தையைப் பார்த்துக்கொள்ளத் தெரியும். வேலை நிறைய இருக்கிறது. நேரம் கிடைக்கும்போது எழுதுகிறேன்.

தம்பி

*

மே 8

அன்புத் தம்பிக்கு,

உன் கடிதத்தில் எடை இல்லை.

எட்டு வரிக் கடிதத்தை எட்டுத் தடவை படித்தேன். ஒரு இடத்திலும் எண் இல்லை. சுண்டெலி என்றுகூட எழுதவில்லை, குழந்தை என்று எழுதியிருக்கிறாய். என்னவோ நடந்திருக்கிறது. அது என்னவென்று நீ சொல்லாமல் இருப்பதற்கும் காரணம் இருக்கும். என் கதையைச் சொல்லிவிட்டுக் கேட்பதுதான் முறை.

உனக்கு அப்போது பதினொரு வயது. என் வீட்டில் இருந்து படித்துக்கொண்டிருந்தாய். எனக்கு ஒரு மகள் பிறந்தாள், நினைவிருக்கும். பள்ளிக்கூடம் விட்டதும் செருப்பைக்கூடக் கழற்றாமல் ஓடி வருவாய். முகம் பார்த்துச் சிரிக்க ஆரம்பித்திருந்தாள். நாற்பத்து மூன்றாவது நாள் போய்விட்டாள். காய்ச்சல் வந்து போய்விட்டாள் என்று உனக்குச் சொன்னோம். ஊருக்கே அப்படித்தான் சொன்னோம்.

அவளுக்குக் காய்ச்சல் வரவில்லை.

மதியம் இரண்டு மணி. முந்தின நாள் முழுக்க அழுதிருந்தாள். நான் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்து பால் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஜன்னலுக்கு வெளியே யாரோ வாளியை இழுத்துப் போகும் சத்தம் கேட்டது. அதுதான் நான் கடைசியாகக் கேட்டது. கண் விழித்தபோது அதே நாற்காலி, அதே வெயில். என் முழங்கைக்கும் நாற்காலித் துணிக்கும் நடுவில் அவள் முகம் புதைந்திருந்தது. அரை மணி நேரம்கூட இருக்காது. தூங்குகிறாள் என்றுதான் முதலில் நினைத்தேன்.

டாக்டருக்குத் தெரியும். உன் அத்தானுக்குத் தெரியும். அவர் என்னை ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் ஒருவேளை சேர்ந்து இருந்திருப்போம். ஒரு வருஷம் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்காமல் சாப்பிட்டோம். அப்புறம் அவர் வேறு ஊருக்குப் போனார், நான் இந்த அணைக்கு வந்தேன்.

பாசி இருப்பது உண்மை. ஆனால் மார்ச் ஒன்றாம் தேதியே மாற்று ஆள் வந்துவிட்டார். நான் வராததற்குக் காரணம் பாசி இல்லை. உன் வீட்டுக்கு வந்தால் குழந்தையை என் கையில் கொடுப்பீர்கள். எனக்கு அந்தப் பயம். இருபது வருஷமாக எந்தக் குழந்தையையும் தொட்டதில்லை.

அந்த ஏப்ரல் கடிதத்திலேயே இதை எழுதியிருக்க வேண்டும். காரணத்தைச் சொல்லாமல் கட்டளையை மட்டும் எழுதினேன். என் மானத்தைக் காப்பாற்றிக்கொண்டேன். தப்பு.

தூக்கம் வருவது குற்றம் இல்லை, தம்பி. உடம்பு உன்னைக் கேட்டுக்கொண்டு தூங்காது. என்ன நடந்தது? அவள் இருக்கிறாளா? அதை மட்டுமாவது எழுது. அடுத்த ஜீப் செவ்வாய்க்கிழமை. நான் ரோட்டு முனையில் நிற்பேன்.

அக்கா

*

மே 21

அக்கா,

இருக்கிறாள். 2710.

உன்னை மூன்று ஜீப்புக்குக் காக்க வைத்துவிட்டேன். மன்னித்துக்கொள். இரண்டு தடவை எழுதிக் கிழித்தேன்.

உன் ஏப்ரல் கடிதம் வந்த அன்றே தொட்டிலில்தான் போட்டேன். இரண்டு நாள் அழுதாள். பாலை எல்லாம் கக்கினாள். மூன்றாவது நாள் எனக்கு மனசு விட்டுப்போய், பழையபடி நெஞ்சில் போட்டுக்கொண்டேன். மதியம் மூன்று மணி இருக்கும். ஒரு மணி நேரப் பாலூட்டல் முடிந்திருந்தது. தூங்க மாட்டேன், சும்மா கண்ணை மூடிக்கொண்டிருப்பேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

இவள் உள்ளே கட்டிலில் இருந்தாள். ஏதோ சரியில்லை என்று அவளுக்குத் தோன்றியிருக்கிறது. சத்தம் கேட்டதால் இல்லை, குழந்தையின் முனகல் கேட்காததால். ஊன்றுகோலைத் தேடக்கூட நிற்காமல் சுவரையும் நாற்காலியையும் பிடித்துக்கொண்டு வந்திருக்கிறாள். வந்து பார்த்தால் நான் ஒருக்களித்துத் தூங்குகிறேன். என் விலாவுக்கும் சோபா முதுகுக்கும் நடுவில் ஒரு கால் மட்டும் வெளியே தெரிகிறது.

"எழுந்திரு! எழுந்திரு! குழந்தை!"

இழுத்து எடுத்தேன். சாம்பல் நிறம். கழுத்து தொங்கியது. உள்ளங்காலில் சுண்டினேன். ஒன்றுமில்லை. மறுபடி சுண்டினேன். ஒன்றுமில்லை. இவள் தரையில் விழுந்த இடத்திலிருந்தே, "முதுகைத் தேய்! முதுகைத் தேய்!" என்று கத்துகிறாள். தேய்த்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. இவள் அரை நிமிஷம் என்கிறாள். என் கணக்கில் அது இன்னும் முடியவில்லை. விக்கல் மாதிரி ஒரு சின்ன சத்தம். அப்புறம் அழுகை. அந்த அழுகைக்காக இரண்டு நாளாக எரிச்சல்பட்டவன் நான்.

இரண்டு நாள் ஆஸ்பத்திரியில் வைத்துப் பார்த்தார்கள். மூளைக்கு ஒன்றும் ஆகவில்லை, நெஞ்சிலும் பால் போகவில்லை என்றார்கள். பெரிய சிஸ்டர் திட்டுவார் என்று நினைத்தேன். திட்டவில்லை. "எத்தனை நாளா தூங்கலை?" என்று மட்டும் கேட்டார். அவரே இவளுக்கும் எனக்கும் முறை போட்டுக் கொடுத்தார். குழந்தை விழித்திருக்கிற நேரத்தில் நெஞ்சு, தூங்குகிற நேரத்தில் தொட்டில். தொட்டில் இப்போது இவள் கட்டிலை ஒட்டி இருக்கிறது. வார்டுச் சத்தத்துக்குப் பழகியவள் என்பதால் ரேடியோவை அலைவரிசை பிடிக்காமல் மெல்ல இரைய விடச் சொன்னார். அந்த இரைச்சலில் தூங்குகிறாள். நாலு நாள் பிடித்தது.

உன் கடிதத்தைப் பற்றி என்னால் எழுத முடியவில்லை. எழுதப் பார்த்தேன்.

தம்பி

*

மே 25

மதிப்பிற்குரிய அண்ணிக்கு,

வணக்கம். நீங்களும் உங்கள் முழங்காலும் நலம்தானே? எனக்கு வலது கை நன்றாக இருக்கிறது, அதனால்தான் இந்தக் கடிதம். இடது காலைப் பற்றிப் பேச வேண்டாம், அது இன்னும் லீவில் இருக்கிறது.

உங்கள் தம்பி எழுதாததை நான் எழுதுகிறேன். மே 8ஆம் தேதிக் கடிதத்தை அவர் ஸ்பானர் பெட்டிக்குள் வைத்துப் பூட்டியிருந்தார். சாவி எங்கே இருக்கும் என்று எனக்குத் தெரியாதா? படித்தேன். கேட்காமல் படித்தது தப்புதான், பொறுத்துக்கொள்ளுங்கள். மாலையில் அவர் வந்ததும், "நான் படிச்சுட்டேன்" என்றேன். அவர் கை கழுவப் போனார். தண்ணீர் ரொம்ப நேரம் ஓடிக்கொண்டே இருந்தது. போய்ப் பார்த்தால் குழாயடியில் உட்கார்ந்து அழுகிறார்.

"நான் தினமும் ஸ்கூல் விட்டு ஓடி வருவேன்டி. அன்னிக்கு வந்து, பாப்பா எங்கேன்னு அக்காகிட்டயே கேட்டேன். அவகிட்டயே போய்க் கேட்டேன்."

அதுதான் அவரால் எழுத முடியாதது.

என்னைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். அந்த மதியத்துக்குப் பிறகு எனக்கு அவர் மேல் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. பயம்தான் வந்தது. அவர் குழந்தையைத் தூக்கினால் அவர் கண்ணையே பார்த்துக்கொண்டிருப்பேன், மூடுகிறதா என்று. அவருக்கும் அது தெரியும். நாங்கள் இரண்டு பேரும் அதைப் பற்றிப் பேசவே இல்லை, இரண்டு மூன்று வாரமாக ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்காமல்தான் சாப்பிட்டோம். உங்கள் கடிதத்தில் அதே வரியைப் படித்தேன். அன்றைக்கே அவரை உட்கார வைத்துப் பேசினேன். கத்தினேன் என்றும் சொல்லலாம். அவரும் கத்தினார். சுண்டெலி நன்றாகத் தூங்கினாள்.

பயம் இன்னும் போகவில்லை, அண்ணி. அவள் தூங்கும்போது நெஞ்சைப் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன். ஆனால் இப்போது இரண்டு பேரும் பயத்தைச் சொல்லிக்கொள்கிறோம்.

உங்கள் கடிதத்தில் உங்கள் மகள் எத்தனையாவது நாளில் போனாள் என்று இருக்கிறது. மணி இருக்கிறது. அவளை என்ன சொல்லிக் கூப்பிட்டீர்கள் என்று இல்லை. உங்கள் தம்பியைக் கேட்டேன். அவருக்குப் பாப்பா என்றுதான் ஞாபகம் இருக்கிறது. நான் இந்த வீட்டுக்கு வந்து ஆறு வருஷம் ஆகிறது, யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

அவள் பெயர் என்ன, அண்ணி?

உங்கள் பதிலுக்குக் காத்திருக்கும்,
தம்பி மனைவி

*

ஜூன் 1

அன்புள்ள உனக்கு,

இருபது வருஷத்தில் இதைக் கேட்ட முதல் ஆள் நீ. என்ன நடந்தது, எப்படி நடந்தது, எத்தனை மணிக்கு என்று கேட்டவர்கள் உண்டு. பெயரை யாரும் கேட்கவில்லை. நானும் சத்தமாகச் சொல்லிப் பார்த்து எத்தனையோ வருஷம் ஆகிறது. நேற்று லாபில் யாரும் இல்லாதபோது சொல்லிப் பார்த்தேன்.

அதைக் கடிதத்தில் எழுத எனக்கு மனசு வரவில்லை. நேரில் சொல்கிறேன்.

மாற்று ஆளிடம் சாவியைக் கொடுத்துவிட்டேன். வெள்ளிக்கிழமை ஜீப்பில் கிளம்புகிறேன். பத்து நாள் இருப்பேன். நீங்கள் இரண்டு பேரும் கட்டிலில் படுத்துத் தூங்குங்கள். நான் தொட்டில் பக்கத்தில் ஸ்டூலில் உட்கார்ந்துகொள்கிறேன். சாய்மானம் இல்லாத ஸ்டூல் இருக்கட்டும்.

குழந்தையை உடனே என் கையில் கொடுத்துவிடாதே. முதல் நாள் சும்மா பார்க்கிறேன். இரண்டாவது நாள் கேட்பேன். அப்போது கொடு.

அண்ணி